நேர்ச்சைத் தண்டை

சித்தலேந்தல்,
12 ஜூலை 2024

தம்பி மருதுபாண்டிக்கு அக்கா முருகலட்சுமி எழுதுவது.

உன் சுகத்தை விசாரிக்கப் போவதில்லை. போன வாரம்தான் திருச்சுழி மண்டபத்தில் உன்னை மேடையில் பார்த்தேன். கொஞ்சம் சதை போட்டிருக்கிறாய். சட்டை நன்றாக இருந்தது.

போன் இருக்கும்போது எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். போனில் நான் ஒன்று சொல்வதற்குள் நீ மூன்று சொல்லிவிடுகிறாய். இல்லாவிட்டால், மீட்டிங்கில் இருக்கிறேன் அக்கா, அப்புறம் பேசுகிறேன் என்று வைத்துவிடுகிறாய். அந்த அப்புறம் இன்றுவரை வந்ததில்லை. காகிதத்தில் எழுதினால் நான் முடிக்கும்வரை நீ குறுக்கே பேச முடியாது. அதற்காகத்தான் இந்த ஏற்பாடு.

மனத்தாங்கலை முதலில் கொட்டிவிடுகிறேன். வட்டாரத்து அங்கன்வாடிக்காரிகள் அத்தனை பேரும் உட்கார்ந்திருந்த இடத்தில் நீ திரையில் ஒரு வரைபடம் போட்டாய். மற்ற ஊர்கள் பச்சையும் மஞ்சளுமாக இருக்க, நம் ஊரும் இன்னும் இரண்டு ஊர்களும் சிவப்பாக இருந்தன. "சில மையங்களில் முயற்சி போதவில்லை" என்றாய். பெயர் சொல்லவில்லைதான். சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. நான் உன் அக்கா என்று தெரியாதவள் அங்கே யாரும் இல்லை. பக்கத்தில் இருந்தவள் என் தொடையைக் கிள்ளினாள். நான் சாப்பாட்டுக்கு நிற்காமல் பஸ் ஏறிவிட்டேன். சாயங்காலம் நீ வீட்டுக்கு வந்தாய். காப்பி கொடுத்தேன், பேசவில்லை. நீயும் போனைப் பார்த்துக்கொண்டே குடித்துவிட்டுக் காரில் ஏறிவிட்டாய்.

உன் படத்தில் இருந்த அந்தச் சிவப்பு யார் தெரியுமா? ஒரே ஒரு பிள்ளை. என் மையத்தில் சின்னஞ்சிறிசுகள் கொஞ்சம் பேர்தான். அதில் ஒன்று மிகவும் மெலிந்திருந்தால் ஊரே சிவப்பாகிவிடுகிறது. அவள் பெயர் தங்கலட்சுமி. கண்மாய்க்குள் சீமைக்கருவேலம் வெட்டிக் கரி மூட்டம் போடும் மாரிசெல்வம், முருகேஸ்வரி இவர்களின் மகள். இரண்டு வயது. எட்டு கிலோ கூட இல்லை. நாலு எட்டு நடப்பாள், உடனே உட்கார்ந்துகொள்வாள். முட்டை கொடுத்தால் வெள்ளையைத் தின்றுவிட்டு உள்ளே இருக்கும் கருவைக் கைக்குள் பொத்திக்கொள்வாள். அம்மா வந்து கூப்பிடும்வரை கையைத் திறக்க மாட்டாள்.

இவளைத் தாயோடு டவுன் ஆஸ்பத்திரியில் இருக்கிற சத்துக்குறைவு வார்டில் இரண்டு வாரம் சேர்க்க வேண்டும். அதுதான் விதி, அதுதான் வைத்தியமும். நானும் மூன்று தடவை போய் முருகேஸ்வரியிடம் சொல்லிவிட்டேன். அவள் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "டீச்சரக்கா, மூட்டத்த வச்சிட்டு நா எங்குட்டுப் போவேன்? மண்ணு வெடிச்சு ஒரு ஓட்டை விழுந்தாப் போச்சு, காத்து உள்ள பூந்து அம்புட்டும் சாம்பலாயிரும். இவுக ஒத்தையில எத்தன பக்கந்தான் பாப்பாக?"

அவள் சொல்வதும் நியாயம்தான். கட்டையை அடுக்கி, இலைதழை போட்டு, ஈரமண் பூசித் தீ வைத்தால், வேகிறவரைக்கும் இரண்டு பேர் முறை வைத்துக் காவல் இருக்க வேண்டும். புகை வெள்ளையாக வருகிறதா நீலமாக வருகிறதா என்று பார்த்துப் பார்த்து ஓட்டையை அடைக்க வேண்டும். கரி விழுந்தால்தான் குத்தகைக்காரர் கூலி கொடுப்பார். சாம்பலுக்கு யாரும் கொடுக்க மாட்டார்கள்.

நான் கேட்பது இதுதான். அந்த வார்டு திருச்சுழியிலேயே இருக்கக் கூடாதா? நாலு கட்டில் போதும். காலையில் கொண்டுபோய் வைத்தியம் பார்த்து, கஞ்சியும் மருந்தும் கொடுத்து, சாயங்காலம் மூட்டத்துக்குத் திரும்பிவிடலாம். நீ பெரிய இடத்தில் இருக்கிறாய். கேட்டுப் பார்.

அக்கா
முருகலட்சுமி

சென்னை,
21 ஜூலை 2024

அன்புள்ள அக்கா,

எத்தனை தடவை கூப்பிட்டும் நீ எடுக்கவில்லை. மச்சானைக் கூப்பிட்டால், "அவ இனி எழுதித்தான் பேசுவாளாம் மாப்பிள" என்று சிரிக்கிறார். ஆகவே எழுதுகிறேன். பேனா பிடித்து ரொம்ப நாளாயிற்று. கையெழுத்தைப் பார்த்துச் சிரிக்காதே.

மண்டபத்தில் பேசியது உன்னை மனதில் வைத்து அல்ல. ஆனால் நம் ஊர் அந்தப் படத்தில் சிவப்பாக இருந்தது எனக்கு முன்பே தெரியும். அதைப் பார்த்து முதலில் அவமானப்பட்டவன் நான்தான். அந்த எரிச்சலில் வார்த்தை வந்துவிட்டது. மன்னித்துக்கொள்.

இங்கே என் வேலை என்ன என்று நீ ஒருநாளும் கேட்டதில்லை. மாநிலம் முழுவதும் எந்த வட்டாரம் எப்படி இருக்கிறது என்று கணக்கெடுத்து அறிக்கை தயாரிப்பதுதான் வேலை. படிப்பு, வருமானம், குடிநீர், பிரசவம், பிள்ளைகளின் எடை, எல்லாம் அதில் வரும். மேற்கே சில வட்டாரங்களை எடுத்துப் பார்த்தால் வெளிநாட்டுக் கணக்கைப் பார்க்கிறது போல இருக்கும். மில்லும் பாசனமும் காலேஜும் அங்கே. கண்மாய் நிறையக் கருவேலம் இங்கே. அங்கே பிறக்கிறதும் இங்கே பிறக்கிறதும் ஒரே மாநிலத்துப் பிள்ளைகள்தான். நடுவில் ஒரு தலைமுறை இடைவெளி இருக்கிறது. இதை மேலதிகாரிகளிடம் சொல்லிச் சொல்லி எனக்கு வாய் வலித்துவிட்டது. அவர்களுக்கு எண் மட்டும்தான் காதில் விழும்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். பின்தங்கிய வட்டாரங்களில் இந்த வருஷம் அதிகம் முன்னேறியது எதுவோ அதற்குப் பரிசு உண்டு. அந்த வட்டாரம் கேட்கிற ஒரு வசதியைச் செய்து கொடுப்பார்கள். நம் வட்டாரம் சார்பில் என்ன கேட்பது என்று எழுதியதே நான்தான். திருச்சுழிக்குச் சத்துக்குறைவு வார்டு. நீ எழுதுவதற்கு முன்பே எழுதிவிட்டேன், நம்பு. நாம் இப்போது இரண்டாவது இடத்தில் இருக்கிறோம். மூன்று ஊர்கள் சிவப்பிலிருந்து வெளியே வந்தால் முதலிடம். மற்ற இரண்டு ஊர்களும் ஆகஸ்டில் வந்துவிடும் போலிருக்கிறது.

நம் ஊரில் ஒரே பிள்ளை என்று நீயே எழுதியிருக்கிறாய். அவள் தாயும் வார்டுக்கு வரப்போவதில்லை. சிவப்பு என்று போடுவதால் அந்தப் பிள்ளைக்கு என்ன கிடைத்துவிடுகிறது? நான் உன்னைப் பொய் எழுதச் சொல்லவில்லை. தராசு கொஞ்சம் முன்னே பின்னே காட்டும் என்று நீயே எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறாய். அந்தக் கொஞ்சத்தை இந்த ஒரு தடவை நம் பக்கம் எடுத்துக்கொள். வார்டு வந்துவிட்டால் முதலில் படுக்கப்போவதே அந்தப் பிள்ளைதான். அவளுக்குப் பின்னால் எத்தனை பிள்ளைகள் என்று யோசித்துப் பார்.

உன் தம்பி
மருது

சித்தலேந்தல்,
9 ஆகஸ்ட் 2024

மருது,

உன் கடிதத்தைப் படித்துவிட்டு மடித்து அரிசிப் பானைக்குள் போட்டுவிட்டேன். இரண்டு நாள் கழித்து எடுத்துத் திரும்பப் படித்தேன். படித்தவன் எழுதினால் தப்பும் வழவழவென்று இருக்கிறது. உன் மகனுக்கு எடை கூடிவிட்டது, குறைக்கச் சொல்கிறார் டாக்டர் என்று அன்றைக்கு உன் பெண்டாட்டி உன் மச்சானிடம் சொன்னாளாம். அவன் எடையில் கொஞ்சத்தை நம் பக்கம் எடுத்துக்கொள்ளச் சொல்லேன்.

கோபம் அவ்வளவுதான். மீதியைச் சொல்கிறேன், கேள்.

செவ்வாய்க்கிழமை எடை போடும் நாள். நம் ஊரில் பிள்ளையின் எடையைச் சத்தம் போட்டுச் சொல்லக் கூடாது, கண்பட்டுவிடும் என்பார்கள். நானும் இத்தனை வருஷமாக யாருக்கும் கேட்காமல் எண்ணைப் பார்த்து, அரசாங்கம் கொடுத்த போனில் தட்டிவிடுவேன். நிறத்தைப் போனே காட்டும். அதே நிறத்தைத் தாயிடம் இருக்கிற அட்டையில் குறித்துக் கொடுப்பேன்.

முருகேஸ்வரி கரி படிந்த சேலையோடு பிள்ளையைத் தூக்கிக்கொண்டு வந்தாள். தங்கலட்சுமியின் இரண்டு காலிலும் வெள்ளித் தண்டை. போன மாசம் இல்லை. என்ன இது என்று கேட்டேன். "குலசாமிக்கு நேந்துருக்கேன் டீச்சரக்கா. மாசி பெறந்து மொட்டை போடுற வரைக்கும் கழத்தக் கூடாது" என்றாள்.

நேர்ச்சைத் தண்டையை நான் கழற்றச் சொன்னதில்லை. இங்கே எந்தத் தாயும் சம்மதிக்க மாட்டாள், எனக்கும் சொல்ல மனம் வராது. அப்படிப் போட்டு வருகிற பிள்ளைகளுக்கு, தண்டையைக் கையால் தூக்கிப் பார்த்து, குத்துமதிப்பாக இவ்வளவு இருக்கும் என்று கழித்துவிட்டுத்தான் எண்ணைத் தட்டுவேன். யாரும் சொல்லிக் கொடுத்ததில்லை. என் வழக்கம் அது.

அன்றைக்கும் பிள்ளையைத் தராசில் உட்கார வைத்தேன். எட்டேகாலுக்குக் கொஞ்சம் மேலே காட்டியது. தண்டையைத் தொட்டுப் பார்த்தேன், கெட்டி வெள்ளி. கழித்தால் எட்டு கூட நிற்காது. முருகேஸ்வரி என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். "டீச்சரக்கா, புதுசா மூட்டம் போட்ருக்கோம். ஆஸ்பத்திரிக்குப் போன்னு மட்டும் சொல்லிறாதீக" என்றாள்.

நான் கழிக்கவில்லை. தராசு காட்டியதை அப்படியே தட்டினேன். கையைச் சுற்றி அளக்கிற நாடாவையும் இறுக்கிப் பிடிக்கவில்லை. போன் மஞ்சள் காட்டியது. முருகேஸ்வரி அட்டையை வாங்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தாள். அவள் சிரித்து நான் பார்த்ததே இல்லை, பல் வரிசை அழகாக இருக்கிறது. பிள்ளை அன்றைக்கும் முட்டைக் கருவைப் பொத்திக்கொண்டுதான் போனாள்.

உனக்காகச் செய்தேன் என்று நினைக்காதே. அந்த நாலு கட்டிலுக்காகச் செய்தேன். சத்துமாவு கூடுதலாகக் கொடுத்து அனுப்புகிறேன், மத்தியானம் என் கையாலேயே ஊட்டிவிடுகிறேன். நீ சொன்னபடி வார்டைக் கொண்டு வா. சீக்கிரம் கொண்டு வா.

அக்கா

சென்னை,
3 அக்டோபர் 2024

அன்புள்ள அக்கா,

நாம் ஜெயித்துவிட்டோம். முதலிடம். நேற்று விழா நடந்தது. திருச்சுழி என்று பெயர் படித்தபோது நான் எழுந்தே நின்றுவிட்டேன். அருப்புக்கோட்டைக்குக் கிழக்கே ஒரு ஊர் இருக்கிறது என்றே அந்த மண்டபத்தில் பாதிப் பேருக்குத் தெரிந்திருக்காது. நேற்று எல்லோரும் கைதட்டினார்கள். எனக்கும் பதவி உயர்வு கிடைக்கும் என்கிறார் எங்கள் அதிகாரி. அது கிடக்கட்டும். உன் மையத்துக்குப் பாராட்டுப் பத்திரம் தபாலில் வரும். கண்ணாடி போட்டு மாட்டி வை.

வார்டுக்கான உத்தரவு கையெழுத்துக்குப் போயிருக்கிறது. தீபாவளி கழிந்ததும் வந்துவிடும். அந்தப் பிள்ளை எப்படி இருக்கிறாள்? போனை எடுக்கலாமே அக்கா, எவ்வளவு நாளைக்கு இந்தக் கோபம்?

மருது

சித்தலேந்தல்,
21 நவம்பர் 2024

மருது,

தங்கலட்சுமி போய்விட்டாள். போன சனிக்கிழமை.

இதைப் போனில் சொல்லியிருப்பேன். உன் பெயரைத் தேடி எடுத்து, அழுத்தாமல் வைத்துவிட்டேன். உன் குரலைக் கேட்டால் என்ன பேசுவேன் என்று எனக்கே தெரியவில்லை.

மழை பிடித்துக்கொண்டு நாலு நாள் விடவில்லை. கரி வேலை நின்றுபோய் முருகேஸ்வரி வீட்டில்தான் இருந்தாள். பிள்ளைக்கு வயிற்றுப்போக்கு. நான் உப்பு சர்க்கரைப் பொடி கொடுத்தேன், கரைத்துக் கரைத்துக் கொடுத்தாள். வேறு பிள்ளையாக இருந்தால் தாங்கியிருக்கும். இவளிடம் தாங்குவதற்கு என்ன இருந்தது? சனிக்கிழமை விடியும்போது கண் உள்ளே போய்விட்டது. ஆம்புலன்ஸ் ஓடைப் பாலத்துக்கு அந்தப் பக்கம் நின்றுவிட்டது, பாலத்தின் மேலே தண்ணீர். சவூதியிலிருந்து வந்து வேன் ஓட்டுகிறாரே ஹாஜா நஜ்முதீன், அவர் மேட்டுப் பாதையில் சுற்றி எங்களை ஏற்றிக்கொண்டு போனார். வழியெல்லாம் அவர் உதடு ஓதிக்கொண்டே இருந்தது.

டவுன் ஆஸ்பத்திரியில் உடனே பார்த்தார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். சின்ன வயது டாக்டரம்மா. நரம்பு கிடைக்காமல் கை கால் எல்லாம் தேடினாள். தேடிக்கொண்டே, "இம்புட்டு மெலிஞ்சு கெடக்கே, ஏம்மா முன்னாடியே வார்டுக்குக் கூட்டிட்டு வரல?" என்று கேட்டாள்.

முருகேஸ்வரி மடியிலிருந்து அட்டையை எடுத்து நீட்டினாள். "இல்ல டாக்டரம்மா, பிள்ள மஞ்சள்லதான் இருக்கு. எங்க டீச்சரக்கா மாசாமாசம் சரியா எடை போட்ருவாக" என்றாள். நான் அவளுக்குப் பக்கத்தில்தான் நின்றேன். டாக்டரம்மா அட்டையைப் பார்த்தாள், பிள்ளையைப் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள். ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் தேவலை.

அந்த அட்டையில் ஆகஸ்டு மட்டும் இல்லை. ஒரு தடவை ஏற்றிவிட்ட எடையை என்னால் இறக்க முடியவில்லை. குறைத்துத் தட்டினால் ஏன் குறைந்தது என்று போன் கேட்கிறது, மேலே இருந்து கூப்பிடுகிறார்கள். செப்டம்பரிலும் அக்டோபரிலும் தண்டையோடுதான் போட்டேன். நவம்பரிலும். சத்துமாவில் தேறிவிடுவாள், உண்மை எடை வந்து பொய் எடையைப் பிடித்துக்கொள்ளும் என்று நினைத்தேன். மாவை வீட்டில் எல்லோரும்தான் தின்றிருக்கிறார்கள். பசித்த வீட்டில் ஒரு பிள்ளைக்கு மட்டும் என்று மாவு தனியாக இருக்காது என்பது எனக்குத் தெரியாததா?

மதுரைக்கு அனுப்பினார்கள். காரியாபட்டி தாண்டவில்லை. ஆம்புலன்சில் இருந்த நர்ஸ் முகத்தைத் திருப்பிக்கொண்டதும் முருகேஸ்வரி கத்துவாள் என்று நினைத்தேன். அவள் பிள்ளையின் விரல்களை ஒவ்வொன்றாக விரித்துப் பார்த்தாள். அழவில்லை. நான்தான் அழுதேன்.

உன் பாராட்டுப் பத்திரம் அதற்கு முந்தின நாள்தான் வந்தது. பிரிக்கவில்லை.

வார்டு எங்கே மருது? தீபாவளி கழிந்துவிட்டது.

முருகலட்சுமி

சென்னை,
2 டிசம்பர் 2024

அக்கா,

நாலு தடவை எழுதிக் கிழித்துவிட்டேன். என்ன எழுதினாலும் அறிக்கை மாதிரியே வருகிறது. எனக்கு வேறு மாதிரி எழுத வராமலே போய்விட்டது போலிருக்கிறது.

அந்தப் பிள்ளையை நான் பார்த்ததே இல்லை. உன் கடிதத்தில்தான் தெரியும். கையைப் பொத்திக்கொள்வாள் என்று எழுதினாயே, அது மட்டும் திரும்பத் திரும்ப வருகிறது. இரவில் என் மகன் பக்கத்தில் படுக்க முடியவில்லை.

வார்டைப் பற்றி நீ கேட்டதற்குப் பதில் சொல்ல வேண்டும். இதை உன்னிடம் சொல்வதைவிட வேலையை விட்டுவிடலாம் என்று தோன்றுகிறது. உத்தரவு போன வாரம் வந்தது. நமக்கு இல்லை. மிகவும் மெலிந்த பிள்ளைகள் ஒரு அளவுக்கு மேல் இருக்கிற வட்டாரத்துக்குத்தான் வார்டு கொடுக்கலாம் என்று நிதி அலுவலகத்தில் ஒரு விதி இருக்கிறதாம். நம் வட்டாரத்தில் இப்போது அப்படி ஒரு பிள்ளை கூட இல்லை என்று காகிதம் சொல்கிறது. இல்லாத நோய்க்கு எதற்குக் கட்டில் என்று கேட்கிறார்கள். அந்தக் காகிதத்தைத் தயாரித்தவன் நான். வார்டு வேறு வட்டாரத்துக்குப் போய்விட்டது. நமக்கு அதற்குப் பதிலாக அலுவலக வளாகத்தில் ஒரு கூட்ட அரங்கம் கட்டிக் கொடுக்கிறார்கள்.

அந்த விதி எனக்குத் தெரியாது. சத்தியமாகத் தெரியாது. தெரிந்துகொண்டிருக்க வேண்டியவன் நான்தான் என்பதும் எனக்குத் தெரியும்.

இன்னொன்று. பிள்ளை இறந்ததைப் பற்றி விசாரணைக்கு வருவார்கள். அது வழக்கமாக வருவதுதான். மழைக்காலம், வயிற்றுப்போக்கு, பாலத்தில் தண்ணீர், எல்லாம் உண்மை. அதோடு நிறுத்திக்கொள். எடை தராசு காட்டியபடிதான் பதிந்தேன் என்று சொல். அதுவும் பொய் இல்லை. உன் வேலை போய்விடும் அக்கா. என் வேலையும். போன உயிர் திரும்பவா போகிறது?

இந்தக் கடைசி வரியை எழுதியதற்காக என்னை நீ செருப்பால் அடிக்கலாம். ஆனாலும் அந்த வரியைப் பேனாவால் அடித்துவிடாமல் அப்படியே விடுகிறேன்.

மருது

சித்தலேந்தல்,
15 டிசம்பர் 2024

மருது,

வருகிற 23ஆம் தேதி விசாரணை. அதற்கு முன்னால் முருகேஸ்வரியிடம் நானே சொல்லிவிட வேண்டும் என்று தோன்றியது. வெளியூர்க்காரர்கள் வந்து அவள் முன்னால் என்னைக் கேள்வி கேட்டு, அப்படி அவளுக்குத் தெரியவருவதை என்னால் தாங்க முடியாது.

நேற்றுக் கண்மாய்க்குப் போனேன். மழை விட்டதும் மேட்டுப் பக்கம் மறுபடியும் வெட்ட ஆரம்பித்துவிட்டார்கள். வேறு என்ன செய்வார்கள்? மாரிசெல்வம் தூரத்தில் கட்டை அடுக்கிக்கொண்டிருந்தான். இவள் மண் குழைத்துக்கொண்டிருந்தாள். அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்து சொல்லிவிட்டேன். "தண்டையக் கழிச்சுத்தான் எடையப் போடணும் முருகேஸ்வரி. நான் கழிக்கல. வேணும்னேதான் கழிக்கல. கழிச்சிருந்தா சிவப்பு. சிவப்பு வந்திருந்தா கால்ல விழுந்தாவது ஒன்ன ஆஸ்பத்திரிக்கு இழுத்துட்டுப் போயிருப்பேன்."

திட்டுவாள், மண்ணை வாரித் தூற்றுவாள் என்று எதிர்பார்த்தேன். அதற்குத் தயாராகத்தான் போனேன். அவள் மண்ணிலிருந்து கையை எடுக்கவே இல்லை.

"தெரியும் டீச்சரக்கா" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. அவளே சொன்னாள். "நேர்ச்சையெல்லாம் ஒண்ணுமில்ல. எந்தச் சாமிக்கும் நான் நேரல. நேந்ததுன்னு சொன்னா நீங்க கழத்தச் சொல்ல மாட்டீகன்னு தெரியும். எங்கம்மா பொட்டியில ரெண்டு சோடி கெடந்துச்சு. ஒண்ணு உள்ள பொள்ளலு. கனமாப் பாத்து இத எடுத்தேன். பிள்ள நடக்க முடியாம காலத் தேச்சுத் தேச்சு வந்தா. மூட்டம் வேகிற வரைக்குந்தான, பெறகு கழத்திரலாம்னு இருந்தேன். ஒண்ணு வெந்தா அடுத்தது வந்துருது. நீங்க கழிக்காமப் போடவும், சாமியே கண்ணத் தொறந்துருச்சுன்னு நெனச்சேன்."

நான் உனக்காக இல்லை, கட்டிலுக்காக என்று எழுதினேன் அல்லவா? நீ ஊருக்காக என்றாய். இவள் மூட்டத்துக்காக. மூன்று பேரும் ஒருவருக்கொருவர் தெரியாமல் அந்தத் தராசில் கையை வைத்திருந்தோம். நடுவில் தங்கலட்சுமி உட்கார்ந்திருந்தாள்.

விசாரணையில் நான் என்ன சொல்லப்போகிறேன் என்று உனக்குத் தெரிய வேண்டும். தண்டையைக் கழிப்பது என் வழக்கம், தங்கலட்சுமிக்கு மட்டும் கழிக்கவில்லை, தெரிந்தே செய்தேன் என்று சொல்வேன். நவம்பர் வரை செய்தேன் என்பதையும் சொல்வேன். வேலை போகட்டும். என் வட்டாரத்தில் இன்னும் எத்தனை மஞ்சள் இப்படி வந்தது என்று அவர்கள் போய்ப் பார்க்கட்டும். பார்த்தால் சிவப்பு வெளியே வரும், வந்தால் உன் விதிப்படியே கட்டிலும் வரும். முருகேஸ்வரி சொன்னதை மட்டும் சொல்ல மாட்டேன். அது அவளோடும் என்னோடும் இருக்கட்டும். உனக்கு ஏன் எழுதுகிறேன் என்றால், நீயும் அதைத் தூக்கிக்கொண்டு நடக்க வேண்டும் என்பதற்காகத்தான்.

உன் பெயரைச் சொல்வேனா என்று பயப்படுவாய். சொல்லப்போவதில்லை. உன் கடிதங்கள் அரிசிப் பானைக்குள்தான் இருக்கின்றன, யாரும் தேடப்போவதும் இல்லை. என்ன சொன்னாய் என்பதை நீயே வந்து சொல். 23ஆம் தேதி காலை பதினோரு மணிக்கு மையத்தில். மதுரையில் இறங்கினால் பந்தல்குடி வழியாகப் போகிற தூத்துக்குடி பஸ்ஸில் ஏறி அருப்புக்கோட்டையில் இறங்கிக்கொள், அங்கிருந்து டவுன் பஸ் இருக்கிறது. காரில் வராதே. வராவிட்டாலும் நான் ஆள் அனுப்பப் போவதில்லை, இனி எழுதப்போவதும் இல்லை. போனையும் எடுக்க மாட்டேன்.

கிளம்பும்போது முருகேஸ்வரியிடம் என்ன சொல்வது என்று தெரியாமல், அந்த ஆகஸ்டு மாசத்து மூட்டம் என்ன ஆயிற்று என்று கேட்டேன். வாயில் வந்துவிட்டது. அவள் அப்போதுதான் தலை நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்.

"அது நல்லா வெந்துச்சு டீச்சரக்கா. ஒரு கட்டகூடச் சாம்பலாகல. அம்புட்டும் லோடு ஏறி மேக்க போயிருச்சு" என்றாள்.

முருகலட்சுமி